ஏழாவது தட்டு

ஜனவரி 9

அன்புள்ள ஊசிக்கு,

அத்தான் எழுதுகிறேன். கவரின் மேல் கையெழுத்தைப் பார்த்ததுமே உனக்குத் தெரிந்திருக்கும். கண் நன்றாகத் தெரிகிறதா? உன் தொழிலுக்கு அதுதானே முதல். எனக்கு ரத்த அழுத்தம் தவிர வேறு குறையில்லை. அக்காவுக்கு வலது முழங்கால்தான் தொந்தரவு, படி ஏற முடியவில்லை.

ஒன்பது வருஷம் கழித்து இவருக்கு என்ன வந்தது என்று நினைப்பாய். நான் ஆராய்ச்சி நிலையத்தை விட்டு வந்து ஐந்து வருஷம் ஆகிறது. இப்போது என்ன பேசிக்கொண்டு திரிகிறேன் என்பது உன் காதிலும் விழுந்திருக்கும். முப்பது வருஷம் பூச்சிகளை அறுத்துப் பார்த்தவன், கடைசியில் "இதெல்லாம் தானா வந்ததில்லை, ஒரு அறிவு திட்டம் போட்டுச் செஞ்சிருக்கு" என்று மேடை ஏறிச் சொல்கிறானே என்று பழைய சகாக்கள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். அந்த எண்ணத்தை எனக்குள் முதலில் போட்டது, நீ மெல்லிய சீவலாக வெட்டிக் கண்ணாடியில் ஒட்டிக் கொடுத்த ஸ்லைடுதான். நம் கூழாங்கல் பூச்சியின் காது நினைவிருக்கிறதா? முன்னங்காலில், முழங்காலுக்குக் கீழே, கடுகில் பாதி அளவு. மேளத்தோல் மாதிரி ஒரு சவ்வு, அதைத் தொட்டுக்கொண்டு ஒரு குச்சி, குச்சியின் அடியில் நீர் நிறைந்த ஒரு பை. மூன்றும் இருந்தால் கேட்கும். ஒன்றை எடுத்தால் செவிடு. பாதிக் காதால் யாருக்கு என்ன பயன்? அப்படியென்றால் மூன்றும் சேர்ந்தேதான் வந்திருக்க வேண்டும், சேர்த்தவர் ஒருவர் இருக்க வேண்டும். அன்றைக்கு மைக்ராஸ்கோப்பை விட்டு எழுந்து கையெடுத்துக் கும்பிட்டேன். சத்தியமாகச் சொல்கிறேன்.

இதை ஒரு புத்தகமாக எழுதி முடித்துவிட்டேன். படங்கள்தான் இல்லை. நிலையம் புதுக் கட்டடத்துக்கு மாறியபோது ஸ்லைடுகளையெல்லாம் வண்டியில் அள்ளிப்போட்டு நொறுக்கிவிட்டார்கள். நீ எப்போதும் ஒற்றை எண் சீவல்களை நிலையத்துக்கும் இரட்டை எண்ணைக் கைவசமும் வைப்பவள். அந்த இரண்டாவது செட் உன்னிடம் இருக்குமென்று நம்புகிறேன். பத்திரமாகக் கட்டி அனுப்பி வை. நன்றியுரையில் "உதவிய அனைவருக்கும்" என்று எழுதும்போது உன்னையும் நினைத்துக்கொள்வேன்.

அக்கா விசாரித்தாள்.

அத்தான்

*

ஜனவரி 27

அன்புள்ள அத்தானுக்கு,

ஊசி வணக்கம் சொல்லி எழுதுவது. கண்ணுக்கு ஒரு குறையும் இல்லை. மாத்திரையை வேளைக்குப் போடுங்கள். அக்காவைத் தரையில் உட்கார்ந்து எழ விடாதீர்கள், முழங்கால் இன்னும் கெட்டுப்போகும்.

உங்கள் கடிதத்தை மூன்று நாள் பிரிக்காமல் அலமாரி மேல் வைத்திருந்தேன். ஒன்பது வருஷத்துக்கு முன்னால் உங்கள் கையெழுத்தோடு வந்த கடைசிக் காகிதத்தை உடனே பிரித்துப் படித்தேன். அதனால்தான் இந்தத் தயக்கம். அதில் இருந்த வரி எனக்கு இன்றைக்கும் பாடம்: "இரண்டு வேறு பூச்சிகளின் படங்கள் என்று வெளியானவை ஒரே படமாக இருந்ததற்கு, சீவல் வெட்டும் பணியாளரின் கவனக்குறைவே காரணம்." விசாரணைக் கமிட்டிக்கு நீங்கள் எழுதியது. பதினான்கு வருஷ வேலை பதினான்கு நிமிஷத்தில் போனது. அதற்கப்புறம் மூன்று லேபில் வேலை கேட்டேன். மூன்றிலும் அதன் நகல் எனக்கு முன்னாலேயே போய் உட்கார்ந்திருந்தது. இரண்டு வருஷம் ஒரு கண்ணாடிக் கடையில் லென்ஸ் துடைத்தேன். பிறகு இந்த ஆஸ்பத்திரியில் பாட்டில் கழுவச் சேர்ந்தேன். ஒருநாள் சீவல் வெட்டுபவர் வரவில்லை. "உனக்குத் தெரியுமா?" என்றார் டாக்டர். "தெரியும்" என்றேன். இப்போது ஆளை ஆபரேஷன் டேபிளில் கிடத்திவிட்டு, வெட்டியெடுத்த சதைத் துண்டை என்னிடம் அனுப்புகிறார்கள். நான் சீவித் தந்த பிறகுதான் மேலே வெட்டுவதா தைப்பதா என்று முடிவு. ஏழு வருஷமாக ஒரு புகார் இல்லை.

சரி, உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். செட் என்னிடம்தான் இருக்கிறது, ஒன்று உடையவில்லை. பட்டியல் இணைத்திருக்கிறேன். மொத்தம் ஏழு தட்டு, தட்டுக்கு நாற்பது ஸ்லைடு.

ஆனால் ஒரு சந்தேகம். உங்களை மறுத்துப் பேசுகிறவர்கள் முட்டாள்கள் இல்லையே? "இந்த ஸ்லைடை வெட்டியவள் கவனமில்லாதவள் என்று நீங்களே எழுதிக் கொடுத்திருக்கிறீர்களே, இதை எப்படி நம்புவது?" என்று கேட்டால் என்ன சொல்வீர்கள்? எனக்காகக் கேட்கவில்லை. உங்கள் புத்தகம் நிற்க வேண்டுமே என்றுதான் கேட்கிறேன். முன்னுரையில் இரண்டு விஷயம் அச்சில் வரட்டும். ஒன்று, என் கை பிழை செய்யாது என்பது. இரண்டு, அந்தப் பழைய படக் குழப்பத்தில் எனக்குப் பங்கில்லை என்பது. யார் செய்தது என்று நான் எழுதச் சொல்லவில்லை. "அனைவருக்கும்" என்ற மூட்டைக்குள் என்னைத் திணிக்க வேண்டாம்.

அக்காவை நானும் விசாரித்தேன். அவளுக்குக் கை நன்றாகத்தானே இருக்கிறது? ஒரு வரி எழுதலாம்.

ஊசி

*

ஏப்ரல் 12

அன்புள்ள ஊசிக்கு,

நீ சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன். இங்கே அழுத்தம் மருந்துக்குக் கட்டுப்பட்டு நிற்கிறது. அக்காவின் காலுக்கு உறை வாங்கிக் கொடுத்திருக்கிறேன்.

இரண்டரை மாதம் பதில் போடவில்லை. உண்மையைச் சொல்லிவிடுகிறேன், உன் நிபந்தனை எனக்குப் பிடிக்கவில்லை. ஆறிப்போன சோற்றை எதற்குக் கிளற வேண்டும் என்று தோன்றியது. புதிதாகப் பூச்சி பிடித்து வேறு ஆளை வைத்து வெட்டிப் பார்த்தேன். ஒன்று சுருண்டுகொள்கிறது, ஒன்று பொடிந்துபோகிறது. ஒருவன் சவ்வையே காணோம் என்று கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான். பதிப்பகத்துக்காரர் தினமும் போன் செய்து உயிரை வாங்குகிறார்.

ஆகவே உட்கார்ந்து எழுதிவிட்டேன். அக்காதான் டைப் அடித்தாள். முன்னுரையில் இப்படி வருகிறது:

"இந்நூலின் ஆதாரம் முழுவதும் ஒரு பெண்ணின் விரல்களில் இருக்கிறது. ஏழு தட்டுகள், இருநூற்று எண்பது ஸ்லைடுகள். ஒன்றில்கூடக் கிழிசல் இல்லை, பிழை இல்லை. பதினான்கு ஆண்டுகளில் அவர் கை ஒருமுறையும் தவறியதை நான் கண்டதில்லை. முன்பு எழுந்த படக் குழப்பத்தில் அவருக்கு எந்தப் பங்கும் இல்லை. இந்த ஸ்லைடுகளைச் சந்தேகிப்பவர் என் கண்களையே சந்தேகிக்கிறார்."

கடைசி வரி எப்படி? அது நீ கேட்காதது, நானாகச் சேர்த்தது. இதற்கு மேல் ஒரு மனிதன் என்ன எழுதுவான்? இனிமேலாவது முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளாமல் ஸ்லைடுகளை அனுப்பு.

அக்கா விசாரித்தாள்.

அத்தான்

*

ஏப்ரல் 20

அன்புள்ள அத்தானுக்கு,

இங்கே வெயில் தலையைப் பிளக்கிறது, சதையைப் பதிக்கும் மெழுகு இளகிவிடுகிறது, ஐஸ் வைத்து வெட்டுகிறேன். மற்றபடி கல்லுக்குண்டு மாதிரி இருக்கிறேன். நீங்களும் அப்படியே இருக்க வேண்டும்.

முன்னுரை நன்றாக வந்திருக்கிறது. கடைசி வரி பிரமாதம். ஒரு எழுத்தும் மாற்ற வேண்டாம். அச்சில் அப்படியே வரட்டும்.

ஒன்று முதல் ஆறு வரையுள்ள தட்டுகளைப் பஞ்சு வைத்துக் கட்டி ஆள் மூலம் அனுப்பியிருக்கிறேன். இருநூற்று நாற்பது ஸ்லைடுகள். எண்ணிப் பார்த்து வாங்கிக்கொள்ளுங்கள். நீங்கள் ஏழு தட்டு என்று எழுதியிருக்கிறீர்கள். ஏழாவது என்னிடம்தான் இருக்கிறது. ஓடையின் மேல்பகுதியில், ஊற்றுக்குப் பக்கத்தில் பிடித்த பூச்சிகள். அதை வெட்டி உங்களிடம் காட்டிய அன்று என்ன பேசினோம் என்பது உங்களுக்கு மறந்திருக்கலாம். எனக்கு மறக்கவில்லை. அதையும் ஒருமுறை பார்த்துவிட்டுப் புத்தகத்தை அச்சுக்குக் கொடுப்பது நல்லது. கேட்டால் அனுப்புகிறேன்.

அக்காவின் முழங்காலுக்கு உறை மட்டும் போதாது, வெந்நீர் ஒத்தடமும் வேண்டும். நான் சொன்னதாகச் சொல்லுங்கள்.

ஊசி

*

ஜூன் 30

அன்புள்ள ஊசிக்கு,

வீட்டில் எல்லோரும் சௌக்கியம். நீயும் சௌக்கியமாக இருந்து, இந்தக் கடிதத்தோடு வரும் புத்தகத்தைப் படித்துச் சந்தோஷப்பட வேண்டும்.

முதல் அச்சு மூன்றே வாரத்தில் தீர்ந்துவிட்டது! போன வாரம் பேசிய மண்டபத்தில் நிற்க இடமில்லை. காதின் படத்தைத் திரையில் போட்டதும் ஒரு சின்னக் குழந்தைகூட அழவில்லை. கூட்டம் முடிந்து ஒரு இன்ஜினியர் வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, "சார், இத்தனை பொருத்தமா ஒரு மெஷின் இருந்தா அதைச் செஞ்சவன் ஒருத்தன் இருந்தே ஆகணும், இது எங்க தொழில்ல பச்சைக் குழந்தைக்கும் தெரியும்" என்றார். கண் கலங்கிவிட்டது.

நிலையத்துக்காரர்களுக்கு வயிறு எரிகிறது. செப்டம்பரில் நேருக்கு நேர் விவாதத்துக்கு அழைத்திருக்கிறார்கள். ஒரு பெண் பேராசிரியர் என்னை மறுத்துப் பேசுவாராம். பூச்சிகளின் கால் பற்றி ஆராய்ச்சி செய்தவராம். வரட்டும், ஒரு கை பார்த்துவிடுகிறேன்.

ஏழாவது தட்டு கிழிசல் என்று அப்போதே தூக்கிப் போடச் சொன்னேனே? அதை எதற்கு இன்னும் கட்டிக்கொண்டு அழுகிறாய்? எனக்குத் தேவையில்லை.

அக்காவும் விவாதத்துக்கு வருகிறாள். உன்னை விசாரித்தாள்.

அத்தான்

*

ஆகஸ்ட் 14

அன்புள்ள அத்தானுக்கு,

நலம் என்று எழுதிப் பழகிவிட்டது, இன்றைக்கு உண்மையாகவே நலம். புத்தகம் வந்தது. ஒன்பதாம் பக்கத்தை மட்டும் மூன்று முறை படித்தேன். மறுநாள் லேபுக்கு எடுத்துப்போய் டாக்டரிடம் காட்டினேன். "உங்களைப் பத்தியா?" என்றார். "என்னைப் பத்திதான்" என்றேன். ஒன்பது வருஷத்தில் அன்றைக்குத்தான் வேலை நேரத்தில் டீ குடிக்க வெளியே போனேன்.

புத்தகத்தைப் படித்துவிட்டு அந்தப் பேராசிரியர் என்னைத் தேடி வந்தார். முன்னுரையில் ஏழு தட்டு என்று இருக்கிறது, உள்ளே ஆறு தட்டிலிருந்துதான் படம் இருக்கிறது, ஏழாவது எங்கே என்று கேட்டார். நல்ல கேள்வி. உங்களுக்குச் சொல்லாமல் காட்டுவது முறையில்லை என்று திருப்பி அனுப்பியிருக்கிறேன். மறுபடி வருவார்.

நீங்கள் அதைக் கிழிசல் என்று எழுதியிருந்தீர்கள். அன்றைக்கும் அப்படித்தான் சொன்னீர்கள். "அத்தான், இது கிழியலை. இந்தப் பூச்சிக்குச் சவ்வே இல்லை. நாற்பது ஸ்லைடுலயும் இல்லை" என்றேன். "கத்தி மொண்ணையா இருந்திருக்கும், போய்த் தீட்டு" என்றீர்கள். அரை நிமிஷம்கூடப் பார்க்கவில்லை, ஒரு கண்ணால் பார்த்துவிட்டு எழுந்துவிட்டீர்கள்.

இன்னும் ஒரு மாதம் இருக்கிறது. அனுப்பட்டுமா? மூன்றாவது முறையாகக் கேட்கிறேன். இல்லை, அவரிடம் காட்டலாமா?

அக்கா வெந்நீர் ஒத்தடம் கொடுத்தாளா?

ஊசி

*

ஆகஸ்ட் 25
(தபால் அட்டை)

ஊசிக்கு,

நலம். பேச்சுத் தயாரிப்பில் மூச்சு விட நேரமில்லை. குப்பைத் தட்டை யாருக்கு வேண்டுமானாலும் காட்டு. அதைப் பார்க்கவா அந்த அம்மா அவ்வளவு தூரம் வருகிறார், பாவம்.

அத்தான்

*

செப்டம்பர் 22

ஊசிக்கு,

உன் நலத்தை விசாரிக்கும் நிலையில் நான் இல்லை.

நடந்தது உனக்கு இதற்குள் தெரிந்திருக்கும். ஆனாலும் என் வாயால் கேள். அந்தப் பேராசிரியர் அதிகம் பேசவே இல்லை. உன் ஏழாவது தட்டிலிருந்து ஒரு ஸ்லைடைத் திரையில் போட்டார். "இதுல குச்சி இருக்கு, பை இருக்கு, சவ்வு இல்லை. சார் கணக்குப்படி இது எதுக்கும் உதவாது" என்றார். பிறகு ஒரு படம் ஓட்டினார். ஊற்றோரத்துப் பூச்சி ஒரு கல்லின் மேல் போய்க்கொண்டிருக்கிறது. பக்கத்தில் ஒரு விரல் கல்லைத் தட்டுகிறது. பூச்சி சட்டென்று நின்றுவிடுகிறது. "இது காது இல்லை. தரையோட அதிர்வைத் தெரிஞ்சுக்கிற கால். பாதி இருக்கு, வேலை செய்யுது. அப்புறம் எப்பவோ மேல ஒரு சவ்வு மெலிஞ்சுது, காதாச்சு" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டார்.

எண்ணூறு பேர் என்னையே பார்க்கிறார்கள். என்ன சொல்வேன்? "அது கிழிஞ்ச சீவல். வெட்டின அம்மா கவனமில்லாதவங்க, அதுக்காகத்தான் வேலையை விட்டே அனுப்பினோம், நிலையத்து ஃபைல்லயே இருக்கு" என்றேன். வாயில் அதுதான் வந்தது.

உடனே மூன்றாவது வரிசையில் உன் அக்கா எழுந்து நின்றாள். நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு, என் புத்தகத்தின் ஒன்பதாம் பக்கத்தை உரக்கப் படித்தாள். "ஒன்றில்கூடக் கிழிசல் இல்லை" என்ற இடத்தில் ஒருவன் சிரித்தான். "இந்த ஸ்லைடுகளைச் சந்தேகிப்பவர் என் கண்களையே சந்தேகிக்கிறார்" என்று அவள் முடிக்கும்போது மண்டபமே சிரித்தது.

பதிப்பகம் இரண்டாவது அச்சை நிறுத்திவிட்டது. அடுத்த மாதக் கூட்டங்கள் எல்லாம் ரத்து. கைகுலுக்கிய அந்த இன்ஜினியர் என்னைப் பார்த்ததும் தெருவைக் கடந்து எதிர்ப்பக்கம் போகிறார்.

நீ திட்டம் போட்டுச் செய்திருக்கிறாய். ஜனவரியிலிருந்தே திட்டம் போட்டிருக்கிறாய். அக்காவையும் தூண்டிவிட்டிருக்கிறாய். சொந்த அக்கா புருஷனை இப்படி நடுத்தெருவில் நிறுத்த உனக்கு எப்படியடி மனசு வந்தது?

*

அக்டோபர் 3

அன்புள்ள அத்தானுக்கு,

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். இதைக் கிண்டலாகச் சொல்லவில்லை. மாத்திரையை நிறுத்திவிடாதீர்கள்.

ஆமாம், திட்டம் போட்டுத்தான் செய்தேன். உங்களுக்கு அதில் ஆச்சரியம் ஏன்? மேடைக்கு மேடை நீங்கள் சொல்வதுதானே? இத்தனை பொருத்தமாக உறுப்புகள் சேர்ந்திருந்தால் சேர்த்தவர் ஒருவர் இருக்க வேண்டும். சரியாகக் கண்டுபிடித்துவிட்டீர்கள். உங்கள் வாழ்க்கையில் இந்த ஒரு இடத்தில் உங்கள் வாதம் நூற்றுக்கு நூறு சரி.

ஆனால் இதிலும் பொருட்கள் மூன்று. உங்கள் முன்னுரை, என் ஏழாவது தட்டு, அன்றைக்கு மைக்கில் நீங்கள் சொன்ன அந்த ஒரு வரி. முதல் இரண்டை நான் வைத்தேன். மூன்றாவதை நான் வைக்கவில்லை. "இதை நான் சரியாகப் பார்க்கவில்லை, பார்த்துவிட்டுச் சொல்கிறேன்" என்று நீங்கள் சொல்லியிருந்தால் ஒருவரும் சிரித்திருக்க மாட்டார்கள். எழுந்து கைதட்டியிருப்பார்கள். உங்களுக்கு ஒரு கஷ்டமான கேள்வி வந்தது, அவ்வளவுதான். கஷ்டம் வந்ததும் உங்கள் கை தானாக என் பக்கம் நீண்டது, ஒன்பது வருஷத்துக்கு முன்னால் நீண்ட மாதிரியே. நீளும் என்று தெரிந்துதான் காத்திருந்தேன். நீளாமல் போகட்டும் என்று ஒரு ஓரத்தில் ஆசையும் இருந்தது. அது என் முட்டாள்தனம்.

மூன்று முறை கேட்டேன். பட்டியலின் கடைசியில் "ஏழாவது தட்டு, சவ்வு இல்லை" என்று எழுதினேன், கடிதத்தில் எழுதினேன், அந்த அம்மா மறுபடி வருவார் என்றும் எழுதினேன். ஏழு தட்டு என்ற எண் பெரிதாக இருந்ததால் முன்னுரைக்கு எடுத்துக்கொண்டீர்கள். தட்டை மட்டும் பார்க்கவில்லை. பட்டியலைக் கடைசிவரை படிக்கிற பழக்கம் உங்களுக்கு எந்தக் காலத்திலும் கிடையாது. அதையும் நம்பித்தான் இறங்கினேன்.

உங்கள் கடவுளோடு எனக்கு ஒரு சண்டையும் இல்லை. அந்தக் காதை வெட்டும்போது எனக்கும்தான் மூச்சு நின்றது. அதை யார் செய்தார், தானாக வந்ததா, எனக்குத் தெரியாது. படத்தை யார் ஒட்டினார் என்பது தெரியும். அந்த வாரம் படங்கள் இருந்த டிராயரின் சாவி இரண்டு பேரிடம்தான் இருந்தது. நான் ஒட்டவில்லை.

கமிட்டியிலிருந்து நேற்று கடிதம் வந்தது. உங்கள் முன்னுரையைப் பார்த்தார்களாம், பழைய ஃபைலை மறுபடி திறக்கிறார்களாம். சாட்சி இருந்தால் எழுதச் சொல்கிறார்கள். எனக்கு யார் சாட்சி?

அக்காவை நான் தூண்டவில்லை. ஒன்பது வருஷமாக அவளிடமிருந்து எனக்கு ஒரு வரி கிடையாது. என்னை வேலையை விட்டு அனுப்பிய அன்று நிலையத்தின் கேட்டில் வந்து நின்று, "கொஞ்சம் கவனமா இருந்திருக்கக் கூடாதாடி?" என்றாள். நீங்கள் எழுதிக் கொடுத்ததை ஒரு மாதத்தில் ஜீரணித்துவிட்டேன். அது மட்டும் இன்னும் தொண்டையில் நிற்கிறது.

அவள் எப்படி இருக்கிறாள்?

ஊசி

*

நவம்பர் 10

என் தங்கைக்கு,

அக்கா எழுதுகிறேன். "அக்கா விசாரித்தாள், அக்கா விசாரித்தாள்" என்று அவர் எழுதியதெல்லாம் பொய். நான் வாயைத் திறந்து விசாரித்ததே இல்லை. அவர் எழுதி முடித்துக் கவரை ஒட்டுவார், நான் ஸ்டாம்பு ஒட்டுவேன். உன் கடிதங்களை மட்டும் அவர் வெளியே போன பிறகு எடுத்துப் படிப்பேன். ஒத்தடம் கொடுத்தேன், நல்ல குணம் தெரிந்தது.

அன்றைக்கு எழுந்து நிற்க வேண்டும் என்று நினைத்துப் போகவில்லை. அவர் "கவனமில்லாதவங்க" என்றதும் எனக்கு என்னவோ ஆகிவிட்டது. காலை ஊன்ற முடியாமல் ஊன்றி நின்றேன். அந்தப் பக்கத்தை டைப் அடித்தவள் நான், புத்தகத்தைப் பார்க்காமலே சொல்ல வரும். பேருக்குத்தான் கையில் பிரித்து வைத்திருந்தேன். படித்து முடித்ததும் எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு மட்டும் அழுகை வந்தது.

இப்போது வீட்டில் பேச்சு வார்த்தை கிடையாது. அவர் முன் அறையிலும் நான் பின் அறையிலுமாக இருக்கிறோம். சாப்பாட்டுத் தட்டை மேஜை மேல் வைத்துவிட்டு வந்துவிடுவேன்.

ஒன்று சொல்லியே ஆக வேண்டும். அக்டோபரில் நீ எழுதிய கடிதத்தைப் படித்ததிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை. அந்தப் படம் ஒட்டப்பட்டது எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில்தான். ஞாயிற்றுக்கிழமை மதியம், சாப்பிட்டுக் கை கழுவின பிறகு. ஒரே படத்தில் இரண்டு பிரதி எடுத்து வந்திருந்தார். ஒன்றை ஓரம் வெட்டி, தலைகீழாகத் திருப்பி அட்டையில் வைத்தார். "நேரா இருக்கா பாரு" என்று என்னைக் கேட்டார். நான் ஸ்கேலை வைத்துப் பார்த்துவிட்டு "நேரா இருக்கு" என்றேன். அதற்கு அப்புறம்தான் பசை தடவினார்.

அது என்ன படம் என்று அப்போது எனக்குத் தெரியாது. ஆனால் கேட்டில் வந்து உன்னிடம் அப்படிப் பேசிய அன்று தெரியும். தெரிந்துதான் பேசினேன். அவர் வேலை போனால் வீடு போகும், பெயர் போகும் என்று பயம். நீ சின்னவள், எப்படியாவது பிழைத்துக்கொள்வாய் என்று நினைத்தேன். நீ பிழைத்தும் கொண்டாய். அதனால் நான் செய்தது சரியாகிவிடாது.

எனக்கு இங்கே இருக்கப் பிடிக்கவில்லை. கொஞ்ச நாள் உன்னோடு வந்து இருக்கட்டுமா? வேண்டாம் என்றால் வேண்டாம் என்று எழுது. பதில் எழுதாமல் மட்டும் இருந்துவிடாதே. அது எப்படி இருக்கும் என்று இந்த இரண்டு மாதத்தில் தெரிந்துகொண்டேன்.

அக்கா

*

நவம்பர் 18

அக்காவுக்கு,

உன் கடிதம் வந்தது. இங்கே நலம்.

ஒருமுறை படித்தேன். எழுந்துபோய்க் கத்திகளையெல்லாம் தீட்டிவிட்டு வந்து மறுபடி படித்தேன். மண்டபத்தில் நீ எழுந்து நின்றாய் என்று அத்தான் எழுதியபோது, ஒரு வாரம் நான் காற்றில் நடந்தேன். என் அக்காவுக்கு ஒன்றும் தெரியாமல் இருந்தது, தெரிந்த நிமிஷம் எழுந்துவிட்டாள் என்று நானே ஒரு கதை கட்டி வைத்திருந்தேன். அந்தக் கதையும் போச்சு. ஸ்கேல் வைத்துப் பார்த்தாயா? நேராக இருந்ததா? என்னைக் கேட்டிருந்தால் தலைகீழாக இருக்கிறது என்று ஒரு பார்வையில் சொல்லியிருப்பேன்.

ஒன்பது வருஷம், அக்கா. கண்ணாடிக் கடையில் நான் லென்ஸ் துடைத்துக்கொண்டிருந்தபோது நீ ஒருநாள் அந்தத் தெருவில் போனாய். நான் பார்த்தேன். நீயும் பார்த்தாய். குடையைச் சாய்த்துக்கொண்டாய். மழை இல்லை.

அத்தானிடம் நான் என்ன கேட்டேனோ அதையேதான் உன்னிடமும் கேட்பேன். உனக்கென்று ஒரு சலுகை கிடையாது. அந்த ஞாயிற்றுக்கிழமை மேஜையில் பார்த்ததை, ஸ்கேலோடு சேர்த்து, ஒரு காகிதத்தில் எழுது. யார் வெட்டினார், யார் ஒட்டினார், யார் நேராக இருக்கிறது என்று சொன்னது, மூன்றும் அதில் வர வேண்டும். கேட்டில் பேசியதும் வர வேண்டும். கையெழுத்துப் போடு. கமிட்டிக்கு ரிஜிஸ்டர் தபாலில் அனுப்பு. நகலை எனக்கு அனுப்பு. இதனால் அவர் பென்ஷனுக்கு என்ன ஆகும் என்று என்னிடம் கேட்காதே. என் சம்பளத்துக்கு என்ன ஆகும் என்று நீ கேட்கவில்லை.

நகல் என் கைக்கு வந்த மறுநாள் பஸ் ஸ்டாண்டில் நிற்பேன். வராவிட்டால் நிற்க மாட்டேன், இன்னும் ஒன்பது வருஷம் ஆனாலும்.

எனக்கு இருப்பது மாடி அறை. உன் காலுக்குப் படி ஆகாது. வீட்டுக்காரரிடம் கேட்டு, கீழே சாமான் போட்டு வைத்திருந்த அறையை ஒழித்து வெள்ளையடித்துவிட்டேன். கட்டில் போட்டாகிவிட்டது.

ஊசி